மல்லாக்க ஒரு சாவு

ஜன்னலோரம் நான் உக்காந்துக்கட்டுமா சார்? தப்பா எடுத்துக்காதீங்க. செஞ்சி வர்றதுக்கு முன்னாடி இந்தப் பக்கம் ஒரு பெரிய பாறை வரும். வருஷம் ஒருதடவை இந்த பஸ்ஸுல போறேன், அதைப் பாக்காம போனா எனக்கு அன்னிக்கு சோறு இறங்காது. ரொம்ப நன்றி. நீங்க திருவண்ணாமலையா? அப்ப நான் இறங்கினப்புறம் ஜன்னல் உங்களுதுதான்.

என் மூஞ்சியைக் கொஞ்சம் பாருங்க. எங்கயாச்சும் பாத்த மாதிரி இருக்கா? இல்லைல்ல. இருக்காது. என் முதுகைக் காட்டினா ஒருவேளை சொல்லுவீங்க. உங்களுக்கு என்ன, நாப்பத்தஞ்சு வயசு இருக்குமா? அப்ப நிச்சயம் பாத்திருப்பீங்க. ஞாயித்துக்கிழமை காலையில டிவியில ‘கரும்பாறைக் காவலன்’னு ஒரு கௌபாய் தொடர் வந்துச்சே, தொப்பி, துப்பாக்கி, குதிரைன்னு... பாத்தீங்களா, முகம் மலருது! அதுல கொள்ளைக்கூட்டத்துல நான் இருந்தேன். எதிராஜ்னு பேரு. பேரெல்லாம் போட மாட்டாங்க. ‘மற்றும் பலர்’னு போடுவாங்க. அந்தப் பலர்ல ஒருத்தன்.

இந்த மூக்கு மூணு தடவை உடைஞ்சது சார். முதல் தடவை நாற்காலி. சாராயக்கடை சண்டைன்னா நாற்காலி உடையணும். அதுக்குன்னு லேசான மரத்துல பண்ணி, பாதி அறுத்து வெச்சிருப்பாங்க. மண்டையில போட்டா பிஸ்கட்டு மாதிரி நொறுங்கும், ஒண்ணும் ஆகாது. அன்னிக்கு ஹீரோ அவசரத்துல டைரக்டர் உக்கார்ற நாற்காலியைத் தூக்கிட்டாரு. தேக்கு. அப்படியே மூஞ்சியில வாங்கினேன். ரத்தம் கொடகொடன்னு கொட்டுது, டைரக்டர் பரந்தாமன் சார் என்ன சொன்னாரு தெரியுமா? “பிரமாதம் எதிராஜு, ஆனா ஏன் கேமராப் பக்கம் திரும்புன?” அப்படின்னாரு. ரெண்டாவது தடவை குதிரை. மூணாவது தடவை உடைஞ்சதை அப்புறமா சொல்றேன், அது ஷூட்டிங்ல நடந்தது இல்ல.

குதிரைன்னதும் பெருசா நினைச்சுக்காதீங்க. எல்லாம் மெரினாவுல புள்ளைங்களை ஏத்திக்கிட்டு சவாரி போற குதிரைங்க. லாரியில ஏத்தி செஞ்சிக்குக் கொண்டுவருவாங்க. கொள்ளைக்காரங்க பத்துப் பேரு ஹோன்னு கத்திக்கிட்டுப் பாயுறோம். நூறு அடி ஓடினதும் பத்துக் குதிரையும் பழக்க தோஷத்துல தானா திரும்பி, ஆரம்பிச்ச இடத்துக்கே வந்து நின்னுடும். வெடிச்சத்தம் கேட்டா மட்டும் பைத்தியம் புடிச்ச மாதிரி உதைக்கும். அப்படி ஒண்ணு உதைச்சதுல மூக்கோட ரெண்டு பல்லும் போச்சு. இதோ, இது கட்டுன பல்லு.

ஆறு மாசத்துல பத்தொன்பது தடவை செத்தேன் சார் அந்தத் தொடர்ல. சும்மா சொல்லல. குண்டு பட்டுச் செத்தது பதினொண்ணு. தூக்குல ரெண்டு. ஒருதடவை குதிரையில கட்டி முள்ளுக்காட்டுல இழுத்தாங்க, தொடைத் தோல் உரிஞ்சு பேன்ட்டோட ஒட்டிக்கிச்சு, தண்ணி ஊத்தி ஊத்திக் கழட்டுனாங்க. இன்னொருதடவை கிணத்துல. மிச்சமெல்லாம் ஹீரோ கையால அடிவாங்கி. அதுல ஒரு சாவுலகூட என் முகம் தெரியல. ஏன்னு கேளுங்க. இந்த வாரம் செத்தவன் அடுத்த வாரம் வேற மீசை வெச்சுக்கிட்டு வேற கொள்ளைக்காரனா வரணும். பாக்குறவங்களுக்கு முகம் ஞாபகம் இருந்துடக் கூடாது. அதனால டைரக்டர் ஷாட்டுக்கு முன்னாடியே கத்துவாரு: “எதிராஜு, குப்புற விழு!” செத்தாலும் குப்புறத்தான் சாகணும். தவறி மல்லாக்க விழுந்தா தொப்பி முகத்து மேல இருக்கணும். ஆறு மாசம் செஞ்சி மண்ணைத் தின்னேன் சார் நான்.

ஒவ்வொரு சாவுக்கும் அப்புறம் ஒரு வழக்கம் உண்டு. பொணமா நடிச்சவன் அப்படியே எழுந்து போயிடக் கூடாது. கேமராவைப் பாத்து ஒரு சிரிப்பு சிரிக்கணும். அதையும் ஒரு ஷாட்டா எடுப்பாங்க. அது எங்கயும் வராது, டிவியில போட மாட்டாங்க. ஆனா எடுத்தே ஆகணும். எடுக்கலன்னா பொய்ச்சாவு நிஜமாயிடும், எடுத்தவனுக்கும் ஆகாது, நடிச்சவனுக்கும் ஆகாது. நான் பத்தொன்பது தடவையும் சிரிச்சேன். மூக்கு உடைஞ்ச அன்னிக்குக்கூட ரத்தத்தோட சிரிச்சேன். என் முகம் கேமராவுக்குத் தெரிஞ்சது அந்தச் சிரிப்புல மட்டும்தான்.

இன்னொண்ணும் சொல்லிடறேன், அப்பத்தான் உங்களுக்குப் புரியும். எங்க சண்டையில எதுவும் மேல படாது. தாடைக்கு ஒரு சாண் தள்ளிக் கை போகும், வாங்குறவன் தலையைத் திருப்பிக்குவான். கேமராவுல பட்ட மாதிரி இருக்கும். ஆனா கடைசி அடி இருக்கு பாருங்க, விழவைக்கிற அடி, அதுக்கு முன்னாடி அடிக்கிறவன் நாக்கை மேல ஒட்டி ‘டொக்’னு ஒரு சத்தம் குடுக்கணும். கேட்டதும் விழுறவன் மூச்சை இறுக்கி, முதுகை வளைச்சு, மெத்தை எங்க இருக்குன்னு மனசுல வெச்சுக்கிட்டு விழுவான். அந்த டொக்தான் எங்களுக்கு சாமி. அது இல்லாம விழுந்தா மூட்டை விழுற மாதிரிதான்.

செங்கேணின்னு ஒருத்தன் இருந்தான் எங்க கூட்டத்துல. திமிரு புடிச்சவன். ஒருநாள் வேணும்னே என் விலாவுல நிஜமா விட்டான். மறுநாள் அவனை நான் அடிக்கிற ஷாட்டு. என்னமோ அன்னிக்கு என் நாக்கு ஒட்டிக்கிச்சு. தாடை கழண்டு தொங்குச்சு அவனுக்கு, ஒரு மாசம் கஞ்சிதான். ஃபீல்டுல இதெல்லாம் சகஜம் சார். யாரும் பெருசா எடுத்துக்க மாட்டாங்க.

இப்ப கன்னியப்பன் கதைக்கு வரேன். என் மச்சான். என் சம்சாரம் சகுந்தலாவோட கூடப்பொறந்த தம்பி. இவங்க ஊரே செஞ்சிப் பக்கம்தான். கல்குவாரியில வேலை அவனுக்கு. வெடி வெக்கப் பாறை மேல ஏறுவான் பாருங்க, ஆடு தோத்துப்போகும். ஷூட்டிங் அங்க நடக்குதுன்னதும் நானே கூட்டிட்டுப் போனேன். நான்தான் சார் கூட்டிட்டுப் போனேன், அவனா வரல. பரந்தாமன் சார்கிட்ட, “என் மச்சான் சார், பாறையில ஓடுவான், கூட்டத்துல நிக்க வெச்சுக்கோங்க”ன்னு சிபாரிசு பண்ணதும் நான்தான். இதை யாரும் சொல்ல மாட்டாங்க.

தொடர் முடியப் போகுது. கடைசி வாரம். கொள்ளைக்கூட்டத் தலைவனோட வலதுகையா இருக்கிறவன் ஹீரோவோட பாறை உச்சியில சண்டை போட்டு, கீழ விழுந்து, மல்லாக்கக் கிடந்து, வானத்தைப் பாத்து ஒரு வசனம் பேசிட்டு சாகுறான். ‘தலைவா, கரும்பாறை இனிமே அவனுதுதான், என்னை மன்னிச்சிடு.’ இவ்வளவுதான் வசனம். குளோசப். முகம் முழுசா தெரியுற சாவு. பரந்தாமன் சார் ரெண்டு மாசம் முன்னாடியே என் தோளைத் தட்டி, “எதிராஜு, கடைசியில உன்னை மல்லாக்க சாக வைக்கிறேன்யா”ன்னாரு. சாமி சத்தியமா சொன்னாரு.

ரெண்டு மாசம் சார். பல்லு விளக்கும்போதும் அந்த வசனம், பஸ்ஸுல போகும்போதும் அந்த வசனம். கண்ணாடி முன்னாடி மல்லாந்து படுத்துப் பாத்தேன். சகுந்தலா சிரிப்பா. எங்க அம்மா ஊர்ல உயிரோட இருந்தாங்க அப்ப. அவங்களுக்குக் கடுதாசி போட்டேன், கடைசி வாரம் பக்கத்து வீட்டு டிவியில பாரு, உன் புள்ளை முகம் தெரியும்னு.

கடைசி ஷெட்யூலுக்கு வந்து இறங்கினா, பரந்தாமன் சார் என் முகத்தைப் பாக்காம பேசறாரு. “உன் மூக்கு ரொம்ப வளைஞ்சு போச்சுய்யா, குளோசப்புக்குத் தாங்காது. உன் மச்சானுக்கு நல்ல முகம், பரிதாபமா இருக்கும். அவனைப் போட்டுட்டேன்.” அப்படின்னாரு. யாரு வளைச்சது சார் இந்த மூக்கை? அவரு நாற்காலிதான வளைச்சது?

அதோட விட்டாரா? ஹீரோ பாறை மேல ஏற மாட்டாராம், தலை சுத்துமாம். அதனால ஹீரோவுக்கு டூப் வேணும். அவரு உசரம் யாரு? நான். ஹீரோ கோட்டு, ஹீரோ தொப்பி, என் முதுகு. கன்னியப்பன் முகம் கேமராவைப் பாக்கும், நான் கேமராவுக்கு முதுகைக் காட்டிக்கிட்டு அவனை அடிக்கணும். ஹீரோ கீழ குடை நிழல்ல உக்காந்து இளநி குடிப்பாரு. இது எப்படி இருக்கு?

கன்னியப்பனுக்குத் தலைகால் புரியல. ராத்திரியே வீட்டுக்கு ஓடிவந்து, “மாமா, எனக்கு மல்லாக்க விழ சொல்லிக் குடுங்க மாமா”ங்கிறான். என்கிட்ட! சகுந்தலா அப்ப செஞ்சியில அவங்க அம்மா வீட்டுலதான் இருந்தா. வாசல்ல வைக்கோல் பரப்பி சொல்லிக் குடுத்தேன். எட்டு அடி. எட்டாவதுக்கு முன்னாடி டொக். பதினஞ்சு இருபது தடவை விழவெச்சேன். சகுந்தலா அடுப்புகிட்ட இருந்து பாத்துக்கிட்டே இருந்தா. அப்புறம் சோறு போடும்போது எல்லாருக்கும் முன்னாடி நாக்கை ‘டொக்’னு தட்டிட்டு, “விழு மாமா, சோறு வருது”ன்னா. அப்படிச் சிரிச்சோம் அன்னிக்கு. நானும் சிரிச்சேன். மனசுல ஒண்ணும் இல்ல சார் எனக்கு. அதை நீங்க புரிஞ்சுக்கணும்.

மறுநாள் காலையில பாறை மேல ஏறினோம். நல்ல காத்து. கீழ ஒரு பன்னெண்டு அடியில பாறையிலயே தட்டையா ஒரு திட்டு, அதுல அட்டைப்பெட்டி அடுக்கி மேல மெத்தை. கேமரா பக்கத்துப் பாறையில. பேச்சு சத்தமெல்லாம் பதிவு ஆகாது, அப்புறமா டப்பிங்தான்.

முதல் அடி தாடைக்கு. ஒரு சாண் தள்ளிப் போகணும். காத்து அடிச்சுதா, தூரம் தெரியல. பட்டுடுச்சு. அவன் சிரிச்சுக்கிட்டே, “மாமா, மேல பட்டுச்சு”ன்னான், வாய்க்குள்ளயே. ரெண்டாவது வயித்துக்கு. அதுவும் பட்டுச்சு. மடங்கி எழுந்தான். கண்ணுல தண்ணி. கீழ இருந்து பரந்தாமன் சார் கத்துறாரு, “சூப்பர், சூப்பர், விடாதே!” மூணாவதுல உதடு கிழிஞ்சுது. நாலாவது காதுகிட்ட. என் கைமுட்டியில அவன் பல்லு பதிஞ்சுது, பாருங்க, இந்த வெள்ளைத் தழும்பு அதுதான். ரத்தம் அவன் கழுத்துல இறங்கி சட்டைக்குள்ள போகுது. அவன் என்ன நினைச்சான் தெரியுமா சார்? நிஜமா இருக்கணும்னு அவனுக்காக நான் பண்றேன்னு நினைச்சுட்டான். “நல்லா வருதா மாமா? அடிங்க மாமா, பரவால்ல”ங்கிறான். பைத்தியக்காரப் பய. அஞ்சு, ஆறு, ஏழு. எனக்குக் கை வலிக்கவே இல்ல. ஹீரோ கோட்டு உள்ள வேர்த்துக் கொட்டுது, காதுல ஒரே இரைச்சல், அவன் முகம் மட்டும் தெரியுது. அந்த நல்ல முகம்.

எட்டாவது உதை. நெஞ்சுல.

டொக் குடுத்தேன். குடுத்தேன் சார். காத்துல அவனுக்குக் கேட்டிருக்காது. அந்தப் பாறை மேல காத்து எப்படி அடிக்கும் தெரியுமா, பக்கத்துல நின்னு கூப்பிட்டாலும் கேக்காது. அவன் காலு விரிஞ்சபடியே நின்னான், மூச்சை இறுக்கல, முதுகை வளைக்கல. என் முகத்தைப் பாத்துக்கிட்டே போனான். மெத்தைக்கு மூணு அடி அந்தப் பக்கம் விழுந்தான். வெறும் கல்லு. தேங்காய் உடைச்ச மாதிரி ஒரு சத்தம் வந்துச்சு.

மல்லாக்க விழுந்தான் சார். என்ன மாதிரி விழுந்தான்! ஒரு கை தலைக்கு மேல, ஒரு காலு மடங்கி, கண்ணு திறந்தபடி வானத்தைப் பாக்குது. பரந்தாமன் சாருக்கு உடம்பே சிலுத்துப்போச்சு. “கேமராவை நிறுத்தாதீங்க, யாரும் கிட்டப் போகாதீங்க! கண்ணைச் சிமிட்டல பாருய்யா!” கேமராவைத் தூக்கிட்டு இறங்கி குளோசப் எடுத்தாங்க. அவன் வாய் அசையுது. “வசனம் பேசறான், வசனம் பேசறான், ஓட்டு!” அப்புறம் பக்கவாட்டுல இன்னொரு ஷாட்டு. அப்புறம் வெயில் மாறுதுன்னு வெள்ளை அட்டையைப் புடிச்சு இன்னொண்ணு. இருபது நிமிஷம் இருக்கும். எல்லாரும் கை தட்டுனாங்க. ஹீரோவே இளநியைக் கீழ வெச்சுட்டுத் தட்டுனாரு. எனக்கு பத்தொன்பது சாவுக்கு ஒரு கைதட்டு வந்ததில்ல.

நான் மேலயே நின்னுக்கிட்டு இருந்தேன். ஏன் இறங்கலன்னு கேக்கறீங்களா? ஷாட்டு போய்க்கிட்டு இருக்கு சார். ஹீரோ கோட்டுல நான் குறுக்க வந்தா முகம் தெரிஞ்சுடாதா? தொழில் தெரிஞ்சவன் அப்படிப் பண்ண மாட்டான்.

எல்லாம் முடிஞ்சு சிரிப்பு ஷாட்டு. “கன்னியப்பா, எழுந்திரிச்சு கேமராவைப் பாத்து ஒரு சிரிப்பு சிரிப்பா.” எழுந்திரிக்கல. “சிரிப்பா, சீக்கிரம், வெயில் போகுது.” ரெண்டு பேரு சிரிச்சாங்க, நல்லா நடிக்கிறான்யான்னு. மேக்கப்காரன்தான் துடைக்கப் போனான். துடைக்கத் துடைக்க வருது, இது நம்ம கலர் இல்லையேன்னு அலறினான். ஜீப்புல போட்டு செஞ்சிக்கும், அங்கிருந்து பாண்டிச்சேரிக்கும் கொண்டு போனாங்க. உசுரு பொழைச்சுது. இடுப்புக்குக் கீழ ஒண்ணும் இல்ல.

அந்த சிரிப்பு ஷாட்டை எடுக்காம விட்டாங்க பாருங்க, அங்கதான் சார் எல்லாம் கெட்டுது. நான் அன்னிக்கே சொன்னேன். ஆஸ்பத்திரிக்குக் கேமராவைக் கொண்டு போய், கட்டில்லயே வெச்சு ஒரு சிரிப்பு எடுத்துடலாம்னு சொன்னேன். பரந்தாமன் சார் என்னை ஒரு மாதிரியா பாத்தாரு.

டப்பிங் வந்துச்சு. கன்னியப்பன் ஆஸ்பத்திரியில கிடக்கான், அவன் வசனத்தை யாரு பேசறது? என்னைக் கூப்பிட்டாங்க. எனக்குத்தான் அந்த வசனம் மனப்பாடம். இருட்டு ரூமுல திரையில அவன் முகம் திரும்பத் திரும்ப வருது, அவன் வாயசைவுக்கு நான் பேசணும். ஒரு நாப்பது தடவை பாத்திருப்பேன். பாக்கப் பாக்க அவன் என்ன பேசறான்னு எனக்குத் தெரிஞ்சுபோச்சு. ‘மாமா, காலு வரல. மாமா, கொஞ்சம் புடிங்க.’ அதைத்தான் திரும்பத் திரும்ப சொல்றான். அது மேல, ‘தலைவா, கரும்பாறை இனிமே அவனுதுதான், என்னை மன்னிச்சிடு’ன்னு பேசணும். கச்சிதமா ஒட்டுச்சு சார். ஒரே டேக். இன்ஜினியர் என் கையைக் குலுக்குனாரு.

அந்த ஞாயித்துக்கிழமை ஊரே அழுதுச்சு. யாரோட முதுகு அது, யாரோட குரல் அதுன்னு ஒருத்தனுக்காவது தெரியணுமே! ஒருத்திக்குத் தெரிஞ்சுது. சகுந்தலா அவ ஊர்ல பக்கத்து வீட்டு டிவியில பாத்திருக்கா. கூட்டம் நடுவுல உக்காந்து பாத்திருக்கா. நான் சாயந்திரம் போய் நிக்கிறேன். அவ கேட்டது ஒரே கேள்விதான். “டொக்கு குடுத்தியா?”

குடுத்தேன்னேன். வாய் காஞ்சு கிடந்துச்சு, சத்தம் சரியா வந்திருக்காதுன்னேன். “ஒத்திகை அன்னிக்குப் பன்னெண்டு அடி தூரத்துல அடுப்புகிட்ட இருந்து எனக்கே கேட்டுச்சே, கையெட்டும் தூரத்துல நின்னவனுக்குக் கேக்கலையா?”ன்னா. கையில பித்தளைச் சொம்பு வெச்சிருந்தா. மூக்கு மூணாவது தடவை உடைஞ்சது அப்பத்தான். சொல்றேன்னேன்ல. டைமிங் இல்ல, ஒரு சாண் தள்ளி இல்ல. நேரா வந்து விழுந்துச்சு. பொம்பளைங்களுக்குத் தம்பின்னா புருஷன் கண்ணுக்குத் தெரிய மாட்டான் சார். அன்னிக்கு அங்கயே தங்கினவதான். இருபத்தெட்டு வருஷம். தம்பியைத் தூக்கி வெச்சு, குளிப்பாட்டி, திருப்பிப் போட்டு. மெட்ராஸுக்கு ஒருநாள்கூட வரல.

எனக்கும் அதுக்கப்புறம் வேலை வரல. எந்த ஸ்டண்ட் மாஸ்டரும் கூப்பிடல. செங்கேணி என்னென்னமோ பேசி வெச்சுட்டான்னு சொல்றாங்க. அவனை விடுங்க. காரணம் அந்த சிரிப்பு ஷாட்டு. எடுத்தவனுக்கும் ஆகாது, நடிச்சவனுக்கும் ஆகாதுன்னு சொன்னேன்ல. பரந்தாமன் சார் அடுத்த வருஷமே படுத்துட்டாரு. அதனாலதான் வருஷா வருஷம் போறேன். அவன் விழுந்த அதே தேதிக்குப் போவேன். கன்னியப்பன் வாசல்ல கட்டில்ல உக்காந்து ஒயர் கூடை பின்னுவான். சகுந்தலா ஒரு சொம்பு தண்ணி கொண்டுவந்து வெச்சுட்டு உள்ள போயிடுவா. அதே சொம்பு, ஓரத்துல நசுங்கி இருக்கும். நான் பழத்தை வெச்சுட்டு சொல்லுவேன்: “மச்சான், ஒரே ஒரு சிரிப்பு. பாக்கி நின்னுபோச்சுடா. அந்த தோஷம் உனக்கும் விட்டுடும், எனக்கும் விட்டுடும்.” முன்னெல்லாம் கேமரா வாடகைக்கு எடுத்துட்டு வருவேன். இப்ப இந்த போன் இருக்கு. அவன் குனிஞ்சு கூடையைப் பின்னிக்கிட்டே இருப்பான். சிரிக்கவே மாட்டான். என்ன பிடிவாதம் பாருங்க.

போன வருஷம் நிமிந்து பாத்தான். இருபத்தேழு வருஷத்துல முதல்தடவையா வாயைத் திறந்தான். “மாமா, செத்தவன்தான சிரிக்கணும்? நான் இருக்கேனே. நீங்க சிரிங்க”ன்னான். சகுந்தலா வாசப்படியில வந்து நின்னு பாத்தா. எனக்கு என்னமோ வாய் கோணிக்கிச்சு, வரல. எழுந்து வந்துட்டேன்.

வருஷம் பூரா யோசிச்சேன் சார். சிரிக்கிறது ஒரு பெரிய விஷயமா? பத்தொன்பது தடவை ரத்தத்தோட சிரிச்சவன் நான். நான் சிரிச்சா அவனும் சிரிப்பான்னுதான் சொல்றான் போல இருக்கு. இன்னிக்கு சிரிச்சுக் காட்டிடப் போறேன். முடிஞ்சுது.

ஒரு உதவி பண்றீங்களா? இந்த போனைக் கொஞ்சம் புடிங்க. இந்தச் சிவப்பை அமுக்கினா ஓடும். ஒத்திகை பாத்துக்கிறேன். ம், எடுங்க.

ஆச்சா? காட்டுங்க. இது என்ன சார், பல்லுதான் தெரியுது. யாரோ கழுத்தைப் புடிச்ச மாதிரி இருக்கு. அழிச்சுடுங்க. இன்னொண்ணு எடுங்க.

இதுவும் சரியில்ல. இருங்க, எனக்குப் பழக்கம் அப்படி. சைகை வந்தாத்தான் உடம்பு தயாராகும். நீங்க குடுங்களேன். நாக்கை மேல ஒட்டி, டொக்குன்னு. அட, கூச்சப்படாதீங்க, பஸ்ஸுல யாரு கவனிக்கப் போறா. நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கிறேன். பாறை வர்ற நேரம்தான். நீங்க தட்டுங்க, நான் திரும்பிச் சிரிக்கிறேன். மெதுவா தட்டினா போதும்.

...

கேட்டுச்சு சார்.

தலையை வெளியில நீட்டிக்கிட்டு இருக்கேன். காத்து காதுல இரையுது. முன்னாடி பாட்டு போட்டிருக்கான், தகரமெல்லாம் கடகடன்னு ஆடுது. நீங்க மெதுவாத்தான் தட்டுனீங்க. நல்லாக் கேட்டுச்சு.

வேண்டாம் சார், போனை நிறுத்திடுங்க. அந்தா போகுது பாருங்க, அந்தப் பாறைதான். அவனுக்கு வாங்கின பழம் கால்கிட்ட இருக்கு, மிதிச்சுடாதீங்க. இல்ல, எடுத்துத் தர வேண்டாம். அங்கயே இருக்கட்டும்.

கண்டக்டர் என் ஸ்டாப்பைத்தான் சொல்றாரு. தெரியுது சார். தோளைத் தட்டாதீங்க, கேக்குது. எல்லாமே கேக்குது எனக்கு.